ஊர்ப் பெயரைச் சுமக்கும் தெருக்கள்: நியூயார்க்கில் ஏழு நாள்

நாள் 1, சனி. ரீகோ பார்க்

தம்பி வீட்டுக்கு வந்து சேர்ந்தபோது மாலை நான்கு மணி இருக்கும். கட்டடத்தின் கண்ணாடிக் கதவுக்கு முன்னால், கறுப்புக் கோட்டும் தொப்பியுமாக ஒரு பெரியவர் சும்மா நின்றுகொண்டிருந்தார். அக்டோபர் கடைசி, குளிர்காற்று முகத்தில் அடிக்கிறது. கதவைத் திறக்கிற பொத்தான்கள் கைக்கெட்டும் தூரத்தில்தான் இருந்தன. அவர் தொடவில்லை. தம்பி எண்களைத் தட்டித் திறந்ததும் எங்களைப் பார்த்துத் தலையசைத்துவிட்டு உள்ளே வந்தார், லிஃப்ட் பக்கம் திரும்பாமல் படியேறிப் போய்விட்டார்.

சாவியை மறந்துவிட்டாரோ என்று கேட்டேன். "இல்லைக்கா, இன்னைக்கு சனிக்கிழமை. சபாத். பொழுது சாயுற வரைக்கும் மின்சாரப் பொத்தான் எதையும் தொட மாட்டார். யாராவது வர்றவரைக்கும் நிப்பார்" என்றான்.

யூதர்களுக்கு வெள்ளி மாலை சூரியன் மறைவதற்குச் சற்று முன்பிருந்து சனி இரவு நட்சத்திரம் தெரியும் வரை ஓய்வு. செய்யக்கூடாத வேலைகள் என்று 39 வகை வகுத்து வைத்திருக்கிறார்கள். நெருப்பு மூட்டுவது அதில் ஒன்று. மின்விளக்கு, லிஃப்ட், போன் எல்லாம் இந்தக் காலத்தில் தடைக்குள் வந்துவிடுகின்றன. படித்துத் தெரிந்துகொண்ட விஷயம்தான், ஆனால் குளிரில் நின்ற அந்தப் பெரியவரைப் பார்த்த பிறகுதான் மனதில் ஏறியது.

இரவு தம்பி 108ஆம் தெருவுக்குக் கூட்டிப்போனான். இருட்டியதும் கடைகள் ஒவ்வொன்றாகத் திறக்கின்றன, குடும்பம் குடும்பமாக உள்ளே போகிறார்கள். இந்தப் பகுதியில் இருப்பவர்கள் புகாரா யூதர்கள். தாஷ்கண்ட், சமர்கந்து, புகாரா ஆகிய ஊர்களிலிருந்து 1970களில் கொஞ்சம் பேரும், சோவியத் ஒன்றியம் உடைந்த பிறகு கூட்டம் கூட்டமாகவும் வந்தவர்கள். வீட்டு மொழி பாரசீகத்தின் ஒரு கிளை, வெளியே பேசுவது ரஷ்யன். உணவகத்தில் முதலில் வந்தது ரொட்டி. வட்டமாக, ஓரம் தலையணை மாதிரி உப்பி, நடுவில் மட்டும் ஊசியால் குத்திக் குத்திப் பூக்கோலம் போட்ட மாதிரி புள்ளிகள், மேலே எள். தந்தூர் அடுப்பின் சுவரில் ஒட்டிச் சுட்டது. பெயர் நோன். நம் நானுக்கு நெருங்கிய சொந்தம்.

இஸ்ரேலுக்கு வெளியே வேறெந்த நகரத்திலும் இத்தனை யூதர்கள் இல்லை, பத்து லட்சத்தை ஒட்டிய கூட்டம். ஆனால் பேட்டைக்குப் பேட்டை உடை வேறு, மொழி வேறு, சாப்பாடு வேறு. ஏழு நாள் கையில் இருக்கிறது. அவர்கள் எந்தெந்த ஊரிலிருந்து வந்தார்கள் என்று கேட்டுக்கொண்டே போவதாக முடிவு செய்தேன்.

நாள் 2, ஞாயிறு. லோயர் ஈஸ்ட் சைடு

காலை முழுக்க எல்ட்ரிட்ஜ் தெரு ஜெப ஆலயத்திலேயே போயிற்று. தெரு முழுவதும் சீனக் கடைகள், பெயர்ப்பலகையெல்லாம் சீன எழுத்து, நடுவில் திடீரென்று உயர்ந்து நிற்கிறது 1887இல் திறந்த இந்தக் கட்டடம். கிழக்கு ஐரோப்பாவிலிருந்து வந்த ஏழை யூதர்கள், தையல்காரர்களும் தள்ளுவண்டிக்காரர்களும், வந்த சில வருடங்களில் காசு சேர்த்து எழுப்பியது. 1881க்கும் 1924க்கும் இடையில் இருபது லட்சம் பேருக்கு மேல் ரஷ்யப் பேரரசிலிருந்தும் சுற்றுவட்டாரத்திலிருந்தும் அமெரிக்காவுக்கு வந்தார்கள். அடித்து விரட்டப்பட்டவர்கள் உண்டு, பசி தாங்காமல் வந்தவர்களும் உண்டு. 1924இல் ஒரு சட்டம் போட்டுக் கதவை அடைத்தார்கள். புதியவர்கள் வருவது நின்றது, இருந்தவர்கள் கொஞ்சம் வசதி வந்ததும் வேறு பேட்டைகளுக்கு நகர்ந்தார்கள், 1950களில் இந்தப் பெரிய மண்டபத்தைப் பூட்டிவிட்டுக் கீழ்த்தளத்தில் மட்டும் தொழுதார்கள். கூரை ஒழுகிப் புறாக்கள் குடியேறிக் கிடந்த இடத்தை இருபது வருடம் பாடுபட்டு மீட்டு 2007இல் முடித்திருக்கிறார்கள்.

மேலே எல்லோரும் அண்ணாந்து பார்ப்பது 2010இல் வைத்த நீலக் கண்ணாடிச் சாளரத்தை. நட்சத்திரம் நட்சத்திரமாக, அழகுதான். என்னை நிறுத்தி வைத்தது தரை. ஆண்கள் அமரும் பெஞ்சுகளுக்கு முன்னால் பைன் பலகையில் பள்ளங்கள். தொழும்போது அவர்கள் முன்னும் பின்னுமாக அசைந்து அசைந்து ஓதுவார்கள், எழுபது வருடமாக ஒரே இடத்தில் நின்று அசைந்த கால்கள் மரத்தைத் தேய்த்துவிட்டன. புதுப்பித்தவர்கள் அந்தப் பலகைகளை மாற்றாமல் விட்டிருக்கிறார்கள். நான் செருப்பைக் கழற்றிவிட்டு ஒரு பள்ளத்தில் பாதத்தை வைத்துப் பார்த்தேன். குதிகால் சரியாகப் போய் உட்கார்ந்தது. நம் கோயில் வாசற்படிகளும் இப்படித்தான் நடுவில் குழிந்திருக்கும், ஆனால் அது வந்து போகிறவர்களின் தேய்மானம். இது ஒரே மனிதர், தன் இடம் என்று வைத்துக்கொண்டு, வாழ்நாளெல்லாம் நின்றதால் வந்தது.

மதியம் ஆர்ச்சர்ட் தெரு 97ஆம் எண் வீடு. 1863இல் கட்டிய வாடகைக் குடியிருப்பு, இப்போது அருங்காட்சியகம். 1935 வரை ஏறத்தாழ 7,000 பேர் இதில் வாழ்ந்து போயிருக்கிறார்கள். ஒரு குடித்தனம் 325 சதுர அடி, மூன்று அறை, அதிலேயே பிள்ளைகள், அதிலேயே தையல் மெஷின், அதிலேயே அடுப்பில் காயும் இஸ்திரிப்பெட்டி. 1890களில் ஒரு குடும்பம் அந்த முன்னறையையே உடை தைக்கும் பட்டறையாக நடத்தியிருக்கிறது. தம்பி மனைவி ஜன்னல் ஓரம் நின்று, "அக்கா, பிரசவத்துக்கு எங்க படுத்திருப்பாங்க?" என்று கேட்டாள். வழிகாட்டிப் பெண் பதில் சொல்லாமல் அந்தச் சமையலறையையே கையால் காட்டினார்.

அங்கிருந்து நடந்து கிழக்கு பிராட்வேயில் ஃபார்வர்ட்ஸ் கட்டடம். பத்து மாடி, 1912இல் எழுந்தது. யித்திஷ் மொழி நாளிதழ் ஒன்றின் அலுவலகம். யித்திஷ் என்பது ஜெர்மனின் உறவு மொழி, எபிரேய எழுத்தில் எழுதுவார்கள். வாசல் மேலே மார்க்ஸ், எங்கெல்ஸ் முகங்களைச் செதுக்கி வைத்திருக்கிறார்கள், ஏனென்றால் அது சோஷலிசப் பத்திரிகை. இன்று மேலே விலையுயர்ந்த அடுக்குமாடி வீடுகள். அந்தப் பத்திரிகையில் 1906 முதல் வாசகர் கடிதப் பகுதி ஒன்று வந்தது. ஊரில் விட்டுவந்த மனைவி, இங்கே வந்ததும் காணாமல் போன கணவன், மதம் விட்டுக் காதலித்த மகள் என்று மனதில் இருப்பதையெல்லாம் எழுதிக் கேட்பார்கள், ஆசிரியர் பதில் சொல்வார். புலம்பெயர்ந்தவன் யாரிடம் கேட்பான்? ஊர்ப் பெரியவர் பக்கத்தில் இல்லை, அதனால் பத்திரிகையைக் கேட்டிருக்கிறான்.

சாயங்காலம் கிராண்ட் தெருவில் கொசார்ஸ் பேக்கரி. பியாலி வாங்கினோம். பேகல் என்ற வளைய ரொட்டிக்குச் சகோதரம், ஆனால் பேகல் மாதிரி வெந்நீரில் போட்டெடுப்பதில்லை, நடுவில் ஓட்டையும் கிடையாது, கட்டைவிரலால் அழுத்திய குழிதான். குழியில் வதங்கிய வெங்காயம். சூடாகப் பிய்த்தபோது மாவு நூல் நூலாக இழுபட்டது, வெங்காயம் ஓரத்தில் கருகி ஒரு தித்திப்பு. போலந்தில் பியாலிஸ்டோக் என்ற நகரத்தின் பெயர்தான் இந்த ரொட்டிக்கு. அந்த நகரத்தில் பாதிக்குமேல் யூதர்கள் இருந்த காலம் உண்டு. 1941 ஜூன் 27 அன்று ஜெர்மானியர்கள் அங்கே பெரிய ஜெப ஆலயத்துக்குள் நூற்றுக்கணக்கானவர்களை அடைத்துத் தீ வைத்தார்கள். அந்த ஊரின் வெங்காய ரொட்டி இங்கே தெருவோரத்தில் சூடாகக் கிடைக்கிறது. சாப்பிட்டு முடிக்கும்வரை யாரும் பேசவில்லை.

(ஹூஸ்டன் தெருவின் காட்ஸ் கடைக்கும் போனோம், 1888 முதல் இருக்கிறது, வரிசை தெருவரை. ஒரு விஷயம் மட்டும்: அது கோஷர் கடை இல்லை. பாலும் இறைச்சியும் சேரக்கூடாது என்பது யூத உணவு விதி, அங்கே மாட்டிறைச்சி மேல் சீஸ் வைத்துத் தருகிறார்கள்.)

நாள் 3, திங்கள். பழைய கல்லறையும் ஒரு தொழிற்சாலையும்

சைனாடவுன் ஓரத்தில், செயின்ட் ஜேம்ஸ் பிளேஸில், கம்பி வேலிக்குள் ஒரு சின்ன மேடு. சாய்ந்த கற்கள். மிகப் பழைய கல் 1683ஆம் ஆண்டினுடையது. வட அமெரிக்காவில் யூதர் கதை இங்கே புதைக்கப்பட்ட கூட்டத்திடம்தான் தொடங்குகிறது. 1492இல் ஸ்பெயின் விரட்டியது, பிறகு போர்ச்சுகல், அங்கிருந்து ஹாலந்து, பிரேசிலில் டச்சுக்காரர்கள் பிடித்த ரெசிஃபே. 1654இல் அதைப் போர்ச்சுகீசியர் திரும்பப் பிடித்ததும் மறுபடி கப்பல். 23 பேர் இந்தத் துறைமுகத்தில் இறங்கினார்கள். அப்போது இது டச்சுக்காரர்களின் நியூ ஆம்ஸ்டர்டாம். ஆளுநர் ஸ்டைவசன்ட் அவர்களை வெளியேற்றத்தான் பார்த்தார். ஹாலந்திலிருந்து, இந்த ஊரை நடத்திய டச்சுக் கம்பெனி, இருக்கட்டும் என்று எழுதிவிட்டது, உங்கள் ஏழைகளை நீங்களே பார்த்துக்கொள்ள வேண்டும் என்ற நிபந்தனையோடு. அவர்கள் தொடங்கிய ஷேரித் இஸ்ரேல் சபை இன்றும் இருக்கிறது, 1825 வரை நகரத்தில் யூதருக்கு அது ஒன்றுதான்.

அப்புறம் வாஷிங்டன் சதுக்கம் பக்கம், டிரையாங்கிள் சட்டைத் தொழிற்சாலை இருந்த கட்டடம். 1911 மார்ச் 25, சனிக்கிழமை. எட்டு, ஒன்பது, பத்தாம் மாடிகளில் தீ. ஒரு பக்கக் கதவைப் பூட்டி வைத்திருந்தார்கள். 146 பேர் செத்தார்கள், பெரும்பாலும் யூத, இத்தாலியப் பெண்கள், பதினாறு பதினேழு வயதுப் பிள்ளைகள் நிறைய. சனிக்கிழமையில் ஏன் அந்தப் பெண்கள் வேலையில் இருந்தார்கள் என்ற கேள்விதான் என்னை விடவில்லை. சபாத்தைக் காப்பாற்றினால் வேலை போய்விடும் என்ற காலம் அது. 2023இல் வைத்த நினைவுச் சின்னத்தில் பெயர்களை எஃகில் வெட்டியிருக்கிறார்கள், தலைக்கு மேலே. கீழே இடுப்பளவில் ஒரு கறுத்த பலகை, அதில் அந்தப் பெயர்கள் வானத்தோடு சேர்ந்து தெரிகின்றன. குனிந்துதான் வாசிக்க வேண்டும்.

நாள் 4, செவ்வாய். பிரைட்டன் பீச்

மழை. சீக்கிரம் திரும்பிவிட்டோம். 1970களிலிருந்து சோவியத் நாட்டு யூதர்கள் குடியேறிய கடலோரப் பேட்டை, குட்டி ஒடெஸா என்று பெயர். தலைக்கு மேலே இரும்புப் பாலத்தில் ரயில், கீழே ரஷ்ய எழுத்துப் பலகைகள். மதம் கண்ணுக்குத் தெரியவில்லை. சோவியத்தில் எழுபது வருடம் மதத்தை அடக்கி வைத்திருந்தார்கள், ஆனால் உள்நாட்டுக் கடவுச்சீட்டில் மட்டும் யூதன் என்று எழுதத் தவறியதில்லை. கடற்கரைப் பலகைப் பாதையில் கம்பளிக் குல்லாயோடு இரண்டு பாட்டிகள் மழையிலும் நடந்துகொண்டிருந்தார்கள்.

நாள் 5, புதன். வில்லியம்ஸ்பர்க்

தம்பி வீட்டருகே ஏறுகிற எம் ரயில் மன்ஹாட்டனைச் சுற்றி, வில்லியம்ஸ்பர்க் பாலத்தின் மேலே ஏறி, மார்சி அவென்யூவில் இறக்கிவிட்டது. 1903இல் இந்தப் பாலம் வந்த பிறகுதான் லோயர் ஈஸ்ட் சைடு நெரிசலிலிருந்து ஜனங்கள் இந்தப் பக்கம் வந்தார்கள்.

லீ அவென்யூவில் கால் வைத்ததும் வேறு உலகம். ஆண்களெல்லாம் நீளக் கறுப்புக் கோட்டு, காதோரம் சுருள் முடி. கல்யாணமான பெண்கள் தலையில் விக் அல்லது துணி. மஞ்சள் பள்ளிப் பேருந்தின் பக்கவாட்டில் எபிரேய எழுத்து. தெருவில் குழந்தைகள் பேசுவது யித்திஷ், சத்தமாக, சண்டை போட்டுக்கொண்டு. ஞாயிறன்று அருங்காட்சியகத்தில் கேட்ட மொழியை இங்கே ஐந்து வயதுப் பையன் மிட்டாய்க்காகப் பேசுகிறான்.

இவர்கள் சத்மார் ஹசீதிகள். ஹசீதிகள் என்றால் ஒரு குருவைச் சுற்றி வாழும் தீவிர மரபு யூதர்கள். சத்மார் என்பது ருமேனியாவில் இருக்கும் சாத்து மாரே என்ற ஊர். 1944இல் அந்த ஊர் யூதர்களை நாஜிகளின் ஆஷ்விட்ஸ் கொலை முகாமுக்கு ரயிலேற்றினார்கள். அவர்களின் குரு யோவேல் டைட்டல்பாம் தப்பி, போருக்குப் பிறகு இங்கே வந்தார். வெறும் கையோடு வந்து சேர்ந்த கொஞ்சம் பேரை வைத்துக்கொண்டு, பழைய ஊரில் எப்படி இருந்ததோ அப்படியே இருப்போம், உடை, மொழி, பள்ளிக்கூடம் எதையும் விடமாட்டோம் என்று உட்கார்ந்தார். அவர் 1979இல் இறந்தார், இன்று ஆயிரக்கணக்கான குடும்பங்கள். எனக்கு எல்லாமே ஒப்புதல் என்று சொல்ல மாட்டேன். பையன்களுக்குப் பள்ளியில் ஆங்கிலமும் கணக்கும் போதுமான அளவு கற்பிப்பதில்லை என்று அங்கேயே வளர்ந்து வெளியே வந்தவர்கள் பல வருடமாகக் குரல் கொடுக்கிறார்கள், அது நியாயமான குரல் என்றே நினைக்கிறேன். பிள்ளைக்கு ஒரு கதவைத் திறந்து வைக்காமல் எப்படி?

ஒரு விஷயம் என் கண்ணில் பட்டது. புதிய அடுக்குமாடி வீடுகளின் பால்கனிகள் ஒன்றுக்கு மேல் ஒன்றாக இல்லை. மாடிக்கு மாடி இடம் மாறி, படிக்கட்டுப் போல விலகி விலகி இருக்கின்றன. முதலில் அலங்காரம் என்று நினைத்தேன். ஒரு பால்கனியில் பிரிக்காத மூங்கில் தட்டி கிடந்ததைப் பார்த்ததும் விளங்கியது. போன வாரம்தான் சுக்கோத் முடிந்தது. அந்தப் பண்டிகையில் குடிசை போட்டு அதில் உட்கார்ந்து சாப்பிட வேண்டும், கூரை தழையாலோ மூங்கிலாலோ இருக்க வேண்டும், அதற்கு மேலே வானம்தான் இருக்கலாம், இன்னொருத்தர் பால்கனி இருக்கக் கூடாது. பாலைவனத்தில் அலைந்த முன்னோர் நினைவுக்காக ஒரு வாரம் போடுகிற குடிசைக்கு இடம் விட்டு ஆறு மாடிக் கான்கிரீட் கட்டடத்தையே தள்ளித் தள்ளிக் கட்டியிருக்கிறார்கள். கழுத்து வலிக்கும்வரை பார்த்தேன்.

நாள் 6, வியாழன். கிரவுன் ஹைட்ஸ்

இன்று தீபாவளி. விடிகாலையில் எண்ணெய் தேய்த்துக் குளித்து, இட்லி சாப்பிட்டு முடித்ததும் தம்பி மனைவி மேல்மாடிக்கு ஒரு தட்டு எடுத்துக்கொண்டு கிளம்பினாள். முதல் நாள் வாசலில் பார்த்த பெரியவரின் வீடு. தட்டில் முறுக்கும் இல்லை, அதிரசமும் இல்லை, நறுக்காத மாதுளையும் ஆப்பிளும் மட்டும். "நம்ம அடுப்புல செஞ்சது அவங்க சாப்பிட முடியாதுக்கா. முழுப் பழம்னா பிரச்சனை இல்ல. முதல் வருஷம் தெரியாம லட்டு கொண்டு போயி, பாவம், அந்தம்மா என்ன சொல்றதுன்னு தெரியாம நின்னாங்க." கதவைத் திறந்த அம்மா என்னைப் பார்த்ததும் கன்னத்தில் கைவைத்து, "இந்தியா! ராஜ் கபூர்!" என்றார். உஸ்பெகிஸ்தானில் வளர்ந்த அந்தத் தலைமுறைக்கு அவர் சொந்தக்காரர் மாதிரி.

மதியத்துக்கு மேல் கிரவுன் ஹைட்ஸ். ஈஸ்டர்ன் பார்க்வே 770ஆம் எண் செங்கல் வீடு, லுபாவிச் ஹசீதிகளின் தலைமையிடம், 1940இல் வாங்கியது. லுபாவிச் ரஷ்யாவில் ஒரு சிற்றூர். வில்லியம்ஸ்பர்க் வெளியுலகத்துக்குக் கதவைச் சாத்திக்கொள்ளும் என்றால் இவர்கள் நேரெதிர், உலகமெங்கும் தம்பதி தம்பதியாக ஆள் அனுப்பி வீடு திறப்பவர்கள். 1994இல் இறந்த அவர்களின் ரெபே, அதாவது குரு, மெனாஹெம் மெண்டல் ஷ்னேர்சன் படம் கிங்ஸ்டன் அவென்யூவில் கடைக்குக் கடை இருக்கிறது. அவர் 1986இலிருந்து ஞாயிறுதோறும் மணிக்கணக்கில் நின்று, வரிசையில் வருகிற ஒவ்வொருவர் கையிலும் ஒரு டாலர் கொடுப்பாராம், தருமம் செய் என்று. அப்போது அவருக்கு எண்பது வயதுக்கு மேல். பெண்களுக்கான மேல்மாடத்தில், மங்கலான கண்ணாடிக்குப் பின்னால் உட்கார்ந்து கீழே ஆண்கள் படிப்பதைப் பார்த்தேன். படிப்பது என்றால் இருவர் இருவராக எதிரெதிரே உட்கார்ந்து மேசையைத் தட்டி வாதாடுவது.

இவர்கள் மும்பைக்கு அனுப்பிய, 2008 நவம்பரில் அங்கே நரிமன் இல்லத்தில் பயங்கரவாதிகளால் கொல்லப்பட்ட ரபி (யூத மதகுரு) கேப்ரியல் ஹோல்ட்ஸ்பெர்க் இந்தத் தெருக்களில் வளர்ந்தவர். அவர் மனைவி ரிவ்காவும் அன்று கொல்லப்பட்டார். இரண்டு வயது மகனைத் தூக்கிக்கொண்டு ஓடிக் காப்பாற்றியவர் அந்த வீட்டில் வேலை பார்த்த இந்தியப் பெண். அந்த நாட்களில் தொலைக்காட்சி முன்னால் உட்கார்ந்திருந்த நம் எல்லோருக்கும் அந்தக் குழந்தையின் அழுகை ஞாபகம் இருக்கும்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். அதே தெருக்களில் கரீபியன் தீவுகளிலிருந்து வந்த கறுப்பின மக்கள் பெரும் எண்ணிக்கையில் வாழ்கிறார்கள். 1991 ஆகஸ்டில் ரெபேயின் வாகன வரிசையில் வந்த ஒரு கார் மோதி ஏழு வயதுக் கறுப்பினச் சிறுவன் இறந்தான், சில மணி நேரத்தில் ஒரு யூத மாணவரைக் குத்திக் கொன்றார்கள், மூன்று நாள் கலவரம். இன்று பேருந்து நிறுத்தத்தில் இரண்டு பக்கத்துத் தாய்மாரும் குழந்தை வண்டிகளோடு அடுத்தடுத்து நிற்கிறார்கள். பேசிக்கொள்வதை நான் பார்க்கவில்லை.

நாள் 7, வெள்ளி. பரோ பார்க்

13ஆம் அவென்யூ. இங்கே பல ஹசீதிக் கூட்டங்கள், பெரியது பொபோவ். போலந்தின் பொபோவா ஊரின் பெயர். அந்த ஊர் குருவை 1941இல் கொன்றார்கள், தப்பிவந்த மகன் ஷ்லோமோ ஹல்பர்ஸ்டாம் இங்கே புதிதாகத் தொடங்கி 2000 வரை இருந்தார். சத்மார், லுபாவிச், பொபோவ், பியாலிஸ்டோக். நம்மில் பெயருக்கு முன்னால் ஊரைப் போட்டுக்கொள்பவர்கள் அந்த ஊருக்குப் பொங்கலுக்கு ஒருமுறையாவது போய்வர முடியும். இவர்கள் சொல்லிக்கொள்கிற ஊர்களில் கதவு தட்டினால் திறக்க ஒரு சொந்தக்காரர் இல்லை.

இரண்டு மணிக்கு அந்தத் தெருவைப் பார்க்க வேண்டும். பேக்கரி வாசலில் பின்னல் ரொட்டி சல்லா மலை போலக் குவிந்து நொடியில் காலியாகிறது. மீன்கடையில் கூட்டம், பூக்கடையில் கூட்டம், ஒரு கையில் பூங்கொத்தும் மறு கையில் குழந்தையுமாக ஓடுகிற அப்பாக்கள். நாலு மணிக்கு மேல் ஷட்டர்கள் இறங்குகின்றன. ஐந்தரை வாக்கில் சங்கு ஊதியது. ஆலைச் சங்கு போலவே நீளமாக. விளக்கேற்றும் நேரம் என்று அறிவிப்பு. சங்கு நின்றதும் கார் சத்தம் அடங்கி, ஜன்னல் ஜன்னலாக மெழுகுவர்த்திச் சுடர்கள். தெருவுக்குக் குறுக்கே, விளக்குக் கம்பத்துக்கு மேலே, ஒரு மெல்லிய கம்பி போவதைத் தம்பி காட்டினான். அதற்கு எரூவ் என்று பெயர். சபாத்தில் வீட்டுக்கு வெளியே எதையும் தூக்கிப் போகக்கூடாது. பேட்டையைச் சுற்றிக் கம்பி கட்டிவிட்டால் மொத்தமும் ஒரே வீட்டு முற்றம் ஆகிவிடும், குழந்தையைத் தூக்கிக்கொண்டு போகலாம். எங்கேயும் அறுந்திருக்கிறதா என்று வாராவாரம் சுற்றிவந்து பார்ப்பார்களாம்.

ரயில் மாறி மாறி வீடு வரும்போது எட்டு மணியாகிவிட்டது. கண்ணாடிக் கதவுக்கு முன்னால் அதே பெரியவர், ஜெப ஆலயத்திலிருந்து திரும்பி வந்து நின்றுகொண்டிருந்தார். நான் எண்களைத் தட்டினேன். "ஷபாத் ஷாலோம்" என்றார். தம்பி லிஃப்ட்டில் போய்விட்டான், நான் அவரோடு படியேறினேன். மூன்றாம் மாடியில் மூச்சு வாங்கக் கைப்பிடியைப் பிடித்து நின்றவர், உடைந்த ஆங்கிலத்தில் எந்த ஊர் என்று கேட்டார். கும்பகோணம் என்றேன். இரண்டு தடவை சொல்லிப் பார்த்தார், மூன்றாவது தடவை கிட்டத்தட்ட வந்துவிட்டது. பிறகு தன் நெஞ்சைத் தொட்டு, "சமர்கந்து" என்றார்.